அங்குலத்துக்கு நாலு குடும்பம்

எழுபத்து மூன்றாம் ஆண்டின் கடைசியில் எங்கள் திருகோணமலையில் மண்ணெண்ணெய் கிடைப்பது பெரும்பாடாகிவிட்டது. எங்கோ அரபு நாடுகளில் சண்டை நடந்தது, எண்ணெய் விலை ஏறியது, கப்பல்கள் பிந்தின. கிழமைக்கு மூன்று பரல், அதாவது மூன்று இரும்புப் பீப்பாய், வந்துகொண்டிருந்த எங்கள் கூட்டுறவுச் சங்கக்கடைக்கு ஒன்று வந்தாலே புண்ணியம் என்றாகிவிட்டது. லிங்கநகருக்குப் பக்கத்தில் இருந்த அந்தக் கடைக்கு நான்தான் மனேச்சர். பெரிய பதவி ஒன்றுமில்லை. அரிசி நிறுப்பதும் நான்தான், பூட்டுவதும் நான்தான்.

கூப்பன் அட்டையைக் காட்டினால் ஒரு வீட்டுக்கு இரண்டு போத்தல் எண்ணெய். விடியற்காலை ஐந்து மணிக்கே வரிசை தொடங்கிவிடும். மட்டிக்களியிலிருந்தும் சாம்பல்தீவிலிருந்தும்கூட வந்து நிற்பார்கள். பதினொரு மணிக்குப் பரலில் பம்பு வெறுங்காற்றை இழுக்கும். அப்போது மிச்சமிருப்பவர்களைப் பார்த்து நான் "முடிஞ்சுது" என்று சொல்ல வேண்டும். அந்த ஒரு சொல்லுக்காக நான் வாங்கிய பேச்சைச் சொல்லி முடியாது.

அப்படி ஒரு நாள் காலையில்தான் வல்லிபுரம் அண்ணையை முதன்முதலில் கண்டேன். ஐம்பது வயது தாண்டிய, மெலிந்த, உயர்ந்த மனிதர். வலது முழங்காலைச் சற்று இழுத்து நடப்பார். வரிசையில் நூறு பேருக்கும் பின்னால் நின்றவர் நேரே கடை வாசலுக்கு வந்தார். இடையில் புகப் பார்க்கிறார் என்று நினைத்து நான் முகத்தைக் கடுமையாக்கிக்கொண்டேன்.

"தம்பி, பரலுக்குள்ள இப்ப எவ்வளவு கிடக்கு?" என்று கேட்டார்.

"தெரியேல்லை. வருமட்டும் குடுப்பம்."

"தெரியாமலோ இவ்வளவு சனத்தையும் வெயில்ல நிப்பாட்டி வைச்சிருக்கிறீங்கள்?"

அவர் என் மேசையில் கிடந்த துணி அளக்கும் மரக்கோலை எடுத்தார். வேட்டித் தலைப்பால் அதை நன்றாகத் துடைத்தார். பரலின் வாய்க்குள் செங்குத்தாக இறக்கி, அடி தட்டியதும் ஒரு கணம் நிறுத்தி, மெல்ல மேலே எடுத்தார். எண்ணெய் நனைத்த இடத்தைப் பார்த்தார்.

"பதினெட்டரை. ஒரு அங்குலத்துக்கு எட்டுப் போத்தல். அதெண்டா அங்குலத்துக்கு நாலு குடும்பம். எழுபத்து நாலு பேருக்குக் காணும். நான் உட்பட மற்ற ஆக்கள் வீட்டுக்குப் போகலாம்."

சொன்னதோடு நிற்கவில்லை. வரிசை நெடுகிலும் ஆட்களை எண்ணிக்கொண்டு போய், எழுபத்து நாலாவது ஆளுக்குப் பின்னால் நின்றவர்களிடம், "உங்களுக்கு இண்டைக்கு இல்லை. நிண்டு வீணாக் காயாதேங்கோ," என்றார். சிலர் போனார்கள். பலர் நம்பாமல் நின்றார்கள். பம்பு வெறுங்காற்றை இழுத்தபோது எழுபத்து நாலாவது ஆளின் இரண்டாவது போத்தல் கழுத்துவரை நிறைந்திருந்தது.

அடுத்த கிழமை பரல் வந்தபோது நானே ஆள் அனுப்பி அவரைக் கூப்பிட்டேன். அதன் பிறகு அது வழக்கமாகிவிட்டது. எண்ணெய் வரும் நாளில் அவர் வந்து அளப்பார். எத்தனை பேர் என்று சொல்வார். மிச்சப் பேர் முணுமுணுக்காமல் போய்விடுவார்கள். கடை எண்ணெயில் கள்ளம் இருக்கிறதோ என்று சந்தேகப்பட்டவர்கள் அந்த மனிதரின் கோலில் சந்தேகப்படவில்லை.

அளந்த பிறகு சீனிச் சாக்கின்மேல் உட்கார்ந்து பால் விடாத ஒரு பிளேன்ரீ குடிப்பார். அந்த நேரங்களில் சொன்ன கதைகளிலிருந்துதான் அவரை நான் அறிந்துகொண்டேன்.

வல்லிபுரம் அண்ணை சீனக்குடா எண்ணெய்த் தாங்கிகளில் வேலை செய்தவர். இங்கிலீஸ்காரனுடைய கடற்படைக்காகக் காட்டுக்குள்ளே கட்டியிருந்த அந்த இரும்புத் தாங்கிகளை எங்கள் ஊரில் அறியாதவர் இல்லை. ஒவ்வொன்றும் ஒரு கோயில் மண்டபம் அளவு. நாற்பத்தொன்றில், இருபது வயதில், அவர் அங்கே சேர்ந்தார். தாங்கியைச் சுற்றிப் போகும் படிகளில் ஏறி, உச்சியில் உள்ள சிறு மூடியைத் திறந்து, நுனியில் பித்தளைக் குண்டு கட்டிய இரும்பு நாடாவை இறக்கி, எண்ணெய் எத்தனை அடி எத்தனை அங்குலம் நிற்கிறது என்று பார்ப்பதுதான் வேலை. காலையில் ஒரு முறை, மாலையில் ஒரு முறை. பதினாறு வருடம் ஏறி இறங்கிய படிகள்தான் அந்த முழங்காலைத் தின்றன. ஆனால் அந்தப் படிகளைப் பற்றி அவர் ஒரு நாளும் குறை சொன்னதில்லை.

"மேல நிண்டு பாத்தா துறைமுகம் முழுக்கத் தெரியும் தம்பி," என்பார். "ஒரு நேரத்தில பதினேழு கப்பல் எண்ணினனான். பின்நேரம் லைற் போடுவாங்கள். ஒவ்வொரு கப்பலா, ஒண்டு, மற்றது, மற்றது... கடலுக்குள்ள இன்னொரு ஊர் இருக்கிற மாதிரி."

எனக்கும் அது நினைவிருந்தது. நான் அப்போது கோணேசர் கோயில் வீதியில் சட்டை தைக்கும் கடை வைத்திருந்த என் சித்தப்பாவோடு இருந்தேன். காலை ஏழு மணிக்குக் கடற்படையின் டொக்யார்ட் சங்கு ஊதும். அந்தச் சங்கில்தான் ஊரே எழும்பும். மணிக்கூடு வைத்திருந்தவர்களும் சங்கைக் கேட்டுத்தான் முள்ளைத் திருப்பினார்கள். உடனே சைக்கிள்கள் ஆற்று வெள்ளம்போல ஓடத் தொடங்கும். சித்தப்பா மாலுமிகளின் வெள்ளைக் காற்சட்டைகளை இரவுபகலாகத் தைத்துக்கொண்டிருப்பார். பேக்கரிகளில் பாண் மணம். தெருவில் காற்றோடு வரும் எண்ணெய் மணம். இரண்டையும் சேர்த்து முகர்ந்தால்தான் எனக்கு அது திருகோணமலை.

ஐம்பத்தேழில் கடற்படை போனது. அதற்கு முந்திய மாதங்களில் வல்லிபுரம் அண்ணையின் பொறுப்பில் இருந்த வரிசைத் தாங்கிகளின் எண்ணெயை இழுத்துக் கப்பலில் ஏற்றினார்கள். பம்பு வீட்டில் அவருடைய கூட்டாளி, கிண்ணியா ஸஹாப்தீன், விசையைத் திருப்புவார். வல்லிபுரம் அண்ணை மேலே நின்று நாடாவை இறக்குவார். முப்பத்தாறு அடி, முப்பது, இருபத்திரண்டு. கீழே நிற்கும் கூட்டாளிக்குக் கையால் காட்டுவார். கடைசித் தாங்கியில் குண்டு அடியில் மோதிய சத்தம் மேலே கேட்டதாம். அந்த மாதங்கள்வரைக்கும் அவர் அந்தச் சத்தத்தைக் கேட்டதே இல்லை.

"வெறும் அண்டாவில தட்டினமாதிரி ஒரு சத்தம். ஸஹாப்தீன் கீழ இருந்து கேக்கிறான், 'என்ன மச்சான், எத்தனை அடி?' எண்டு. சும்மா கையை விரிச்சுக் காட்டினன்."

அன்றைக்கு அங்கே மேற்பார்வைக்கு நின்ற வெள்ளைக்கார எஞ்சினியரிடம் அவர் ஒரு கேள்வி கேட்டார். பதினாறு வருடமாக மனத்தில் கிடந்த கேள்வி.

"இந்த எண்ணெய் எங்கேயிருந்து வருகிறது ஐயா?"

"பாரசீகத்திலிருந்து."

"அங்கே முடிந்தால்?"

"வேறெங்காவது தோண்டுவோம்."

"அங்கேயும் முடிந்தால்?"

அந்த மனிதர் தொப்பியைக் கழற்றி விசிறிக்கொண்டு, "வல்லிபுரம், அதற்கு முன்னம் நான் பென்ஷன் வாங்கிக்கொண்டு போய்விடுவேன்," என்று சிரித்தாராம். பிறகு ஏனோ சிரிப்பை நிறுத்திவிட்டு, "பூமிக்குள் இருக்கிற அந்தத் தாங்கியை ஒருவரும் அளந்து பார்த்ததில்லை," என்று சொன்னாராம்.

வேலை போனபின் அவர் புல்மோட்டைக்குப் போனார். அங்கே கனிய மணல் அள்ளும் இடத்தில் டீசல் களஞ்சியத்தைப் பார்க்கும் வேலை. பன்னிரண்டு வருடம். முழங்கால் மோசமானதும் ஊருக்குத் திரும்பி, மனைவி பத்மாசனி அக்காவோடு லிங்கநகரில் ஒரு சிறு வீட்டில் இருந்தார். பிள்ளைகள் இல்லை. பத்மாசனி அக்கா கட்டைபறிச்சானில் பிறந்தவர்; நல்ல வாய்க்காரி. "உலகத்தில இருக்கிற எண்ணெயை எல்லாம் இந்தாள் அளந்து முடிச்சிட்டுது. இப்ப என்ர விளக்கை அளக்குது," என்று வரிசையில் நின்றபடியே சத்தமாகச் சொல்லுவார். அது உண்மைதான். வீட்டு மண்ணெண்ணெய்த் தகரத்துக்கும் அவர் ஓர் ஈர்க்கு வைத்திருந்தார்.

இந்த மனிதர் எனக்கு ஒரு புத்தி சொன்னார். நான் கேட்கவில்லை. அதைத்தான் இப்போது சொல்ல வேண்டும்.

மார்கழி தொடங்கிய நேரம். கடைக்குப் பின்னால் கூரையில்லாத முற்றத்தில் பரல்களை நிமிர்த்தி வைத்திருந்தேன். அவர் அதைப் பார்த்துவிட்டு, "தம்பி, மழைக்காலம். பரலைச் சரிச்சுப் படுக்க வையுங்கோ. நிமித்தி வைச்சா தண்ணி குடிக்கும்," என்றார்.

"மூடி இறுக்கிக் கிடக்கு அண்ணை. எப்பிடிக் குடிக்கும்?"

"வெயில்ல சூடேறினா உள்ளுக்க இருக்கிற காத்து வெளிய போகும். மழை பெய்து குளிர்ந்தா இழுக்கும். மேல வட்டத்தில நிக்கிற தண்ணியைத்தானே இழுக்கும்?"

நான் சிரித்தேன். முற்றத்தில் பரலைப் படுக்க வைத்தால் விறகு வைக்க இடமில்லை. அதுதான் என் யோசனை. "பாப்பம் அண்ணை," என்றேன். பார்க்கவில்லை.

தைப்பொங்கலுக்கு முந்தின கிழமை விடாத மழை. லொறி வரவில்லை. பொங்கலுக்கு இரண்டு நாள் இருக்கும்போது வானம் வெளித்தது. என்னிடம் இருந்தது பாதிக்குக் கீழே இறங்கிய ஒரு பரலும், இன்னும் முத்திரை உடைக்காத ஒரு பரலும். விடிவதற்குள் இருநூற்றைம்பது பேருக்குமேல் வரிசை. கிண்ணியாவிலிருந்து தோணித்துறை கடந்து வந்த முஸ்லிம் பெண்கள் ஒரு பக்கம், சல்லிக் கடற்கரை ஆட்கள் ஒரு பக்கம். வல்லிபுரம் அண்ணை வரப் பிந்திவிட்டது. சனம் நெருக்கியதால் நான் பழைய பரலில் பம்பை வைத்துக் கொடுக்கத் தொடங்கினேன்.

பத்துப் பேர் போயிருப்பார்கள். கடைக்கு எதிர்வீட்டு நல்லம்மா போத்தலோடு திரும்பி ஓடிவந்தார். "மனேச்சர்! அடுப்பு பத்தேல்லை! சீறிச் சீறி நூருது! இதென்ன எண்ணெயோ தண்ணியோ?" போத்தலை உயர்த்திப் பிடித்தார். அடியில் முக்கால்வாசி தெளிந்த தண்ணீர். மேலே ஒரு விரல் அளவு எண்ணெய் மிதந்தது.

அதன்பிறகு என்ன நடந்தது என்று எனக்குச் சரியாக நினைவில்லை. "தண்ணி கலந்து விக்கிறான்!" என்று ஒரு குரல். மேசை கவிழ்ந்தது. சல்லியைச் சேர்ந்த கோணாமலை என்ற மீனவர், மலைபோல ஆள், என் சட்டைக் கழுத்தைப் பிடித்துச் சுவரோடு சேர்த்தார்.

"ரெண்டு நாள் கடலுக்குப் போகாமல் வந்து நிக்கிறம். எங்களுக்கோ தண்ணி ஊத்துறாய்?"

"சத்தியமா நான் கலக்கேல்லை," என்றேன். என் குரலை நானே நம்பவில்லை.

கூட்டத்துக்குப் பின்னாலிருந்து பத்மாசனி அக்காவின் சத்தம் கேட்டது. "விலகுங்கோ, விலகுங்கோ, அளக்கிற மனிசன் வருகுது!" வழி விட்டார்கள். வல்லிபுரம் அண்ணை முழங்காலை இழுத்துக்கொண்டு வந்தார். என்னைப் பார்க்கவில்லை, பரலைப் பார்த்தார். "ஆரும் பரலைத் தொடாதேங்கோ. நல்லம்மா, உங்கட வளவில பப்பாசி நிக்குதெல்லே? நீட்டுத் தண்டா ரெண்டு முறிச்சுக்கொண்டு வாங்கோ."

பப்பாசி இலைத் தண்டு வந்தது. உள்ளே குழல்போல வெறுமையானது. இரண்டு முனையையும் வெட்டினார். மேல் முனையைப் பெருவிரலால் அடைத்துக்கொண்டு பரலின் அடிவரை இறக்கினார். விரலை எடுத்தார், மறுபடி அடைத்தார், தண்டை வெளியே எடுத்து ஒரு கண்ணாடிக் குவளைக்குள் விட்டார். தண்ணீர். அதையே கொஞ்சம் மேலே பிடித்துச் செய்தார். எண்ணெய்.

"பாருங்கோ. தண்ணி அடியில, எண்ணெய் மேல. பம்பு அடியிலதான் இழுக்கும். அதுதான் உங்களுக்குத் தண்ணி வந்தது."

"தண்ணி எப்பிடி வந்தது எண்டுதான் கேக்கிறம்," என்றார் கோணாமலை. என் கழுத்தை இன்னும் விடவில்லை.

வல்லிபுரம் அண்ணை மற்றப் பரலிடம் போனார். "இதில முத்திரை கிடக்கு. வந்து பாருங்கோ, ஆராவது உடைச்சிருக்கோ?" கோணாமலை என்னை விட்டுவிட்டுக் குனிந்து பார்த்தார். ஈயமும் கம்பியும் அப்படியே இருந்தன. எல்லாரும் பார்க்க முத்திரையை உடைத்து, தண்டை இறக்கி எடுத்தார். குவளையின் அடியில் அதிலும் தண்ணீர். ஓர் அங்குலம் இருக்கும்.

பரல் எப்படித் தண்ணீர் குடிக்கும் என்பதை எனக்குச் சொன்ன அதே மாதிரி அவர் அவர்களுக்கும் சொன்னார். "நிமிந்து நிண்ட பரல் எல்லாத்துக்கும் இது வரும். கள்ளம் இல்லை."

அதோடு விட்டிருக்கலாம். என்னை அவர் காட்டிக் கொடுக்கவில்லை. ஆனால் கோணாமலை என்னுடைய கிழிந்த கழுத்துப்பட்டியைச் சரிசெய்து விடத் தொடங்கியதும் எனக்குத் தாங்கவில்லை.

"இல்லை. பிழை என்ர பிழைதான்," என்றேன். "சரிச்சு வைக்கச் சொல்லி அண்ணை மார்கழியிலேயே சொன்னவர். நான்தான் கேக்கேல்லை."

இன்னொரு முறை சுவரோடு சேர்ப்பார்கள் என்று நினைத்தேன். கிண்ணியாவிலிருந்து வந்து முன்வரிசையில் நின்ற உம்மு குல்சும் என்ற வயதான பெண்தான் முதலில் வாய் திறந்தார். "சரி மகன், செஞ்சது செஞ்சாச்சு. இனி எத்தினை பேருக்குக் கிடைக்கும்? அதைச் சொல்லச் சொல்லுங்க."

வல்லிபுரம் அண்ணை இரண்டு பரலிலும் கோலை இறக்கினார். தண்ணீரின் உயரத்தைக் கழித்தார். "நல்ல எண்ணெய் முப்பத்து நாலு அங்குலம். நூற்று முப்பத்தாறு பேர்."

வரிசை நெளிந்தது. பின்னால் நின்றவர்கள் அன்று போவதற்கு மனமில்லாமல் நின்றார்கள். பொங்கல் வருகிறது, அடுத்த லொறி எப்போது என்று ஒருவருக்கும் தெரியாது. உம்மு குல்சும் தன் முன்னால் இருந்தவர்களை எண்ணிப் பார்த்தார். அவர் பதினான்காவது ஆள். இரண்டு போத்தல் நிச்சயம். "ஒரு போத்தல்படி குடுத்தா?" என்று கேட்டார்.

"ஒரு போத்தல் எண்டா இருநூற்று எழுபத்திரண்டு. எல்லாருக்கும் காணும்."

"எனக்கு ஒண்டு போதும்," என்றார் அவர்.

விதிப்படி அட்டைக்கு இரண்டுதான். நான் விதியைப் பற்றி ஒன்றும் பேசவில்லை. முன்னால் நின்றவர்களில் சிலர் முணுமுணுத்தார்கள். பத்மாசனி அக்கா அவர்களைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு வெட்கப்படுத்தினார். பம்பின் கீழ்க் குழாய் தண்ணீரைத் தொடாதபடி அதை ஒரு பலகைத் துண்டின்மேல் உயர்த்திக் கட்டினோம். தண்ணீர் வாங்கிப் போனவர்களுக்கும் மாற்றிக் கொடுத்தோம். அன்று ஒரு மணிக்குக் கடைசி ஆள் தன் போத்தலோடு போனார். கோணாமலை போகவில்லை. முற்றத்திலிருந்த விறகை எல்லாம் ஒரு மூலையில் அடுக்கி, இனி வரும் பரல்களைப் படுக்க வைக்கத் தென்னங்குற்றிகள் இரண்டைப் போட்டுவிட்டுத்தான் போனார்.

எல்லாரும் போனபின் நானும் வல்லிபுரம் அண்ணையும் சீனிச் சாக்கில் உட்கார்ந்திருந்தோம்.

"அண்ணை, உலகத்தில எண்ணெய் உண்மையாவே முடிஞ்சா என்ன செய்வம்?" என்று கேட்டேன். பத்திரிகைகளில் அப்போது அப்படித்தான் எழுதினார்கள். இன்னும் முப்பது வருடம், நாற்பது வருடம், அதோடு கார் இல்லை, கப்பல் இல்லை, ஆலை இல்லை என்று.

அவர் தேநீரை வைத்துவிட்டுச் சொன்னார்: "அதை நான் பாத்தனான் தம்பி. ஐம்பத்தேழில பாத்தனான். ஒரு நாளில முடியாது. முதல்ல சங்கு நிண்டுது. பிறகு உங்கட சித்தப்பாவின்ர கடை மாதிரி ஒவ்வொண்டாப் பூட்டினது. லைற் எல்லாம் அணைஞ்சுது. சனம் கொழும்புக்குப் போச்சு, மிச்சம் இருந்த ஆக்கள் வளவில மரவள்ளி நட்டுது. ஆரும் சாகேல்லை. ஆனா..."

"ஆனா?"

"நல்ல வடிவா இருந்தது தம்பி, அந்த லைற்."



எழுபத்தெட்டில் அவர்கள் கட்டைபறிச்சானுக்குப் போய்விட்டார்கள். பத்மாசனி அக்காவின் தகப்பன் விட்டுப்போன காணி அங்கே இருந்தது. அதற்குள் எங்கள் ஒழுங்கைக்கு மின்சாரம் வந்தது. மண்ணெண்ணெய் வரிசையும் குறைந்தது. இப்போது யோசித்தால் எனக்கு அந்த வரிசைகளே ஆசையாக இருக்கின்றன. சொன்னால் சிரிப்பார்கள். சல்லி ஆளும் கிண்ணியா ஆளும் அரசாங்கக் கச்சேரி கிளாக்கரும் ஒரே கோலை எட்டிப் பார்த்துக்கொண்டு, மழை வருமா வராதா என்று கதைத்துக்கொண்டு நின்ற காலைகள் அவை. இந்த இரண்டு மூன்று வருடங்களில் ஊரில் அப்படி எல்லாரும் சேர்ந்து நிற்கும் இடம் ஒன்றையும் நான் காணவில்லை.

போன வருடம் மாசியில் வல்லிபுரம் அண்ணை காலமானார். நெஞ்சுவலி. செய்தி எனக்கு எட்டாம் நாள்தான் வந்தது.

அதற்கு ஆறு மாதம் முன்னால் ஒரு முறை அவரைப் பார்க்கப் போயிருந்தேன். மூதூருக்கு லோஞ்சுப் படகில் போய், அங்கிருந்து சைக்கிளில். மிளகாய்த் தோட்டத்தில் நின்றார். கிணற்றடியில் புத்தம்புதிய சின்ன எஞ்சின் ஒன்று, மண்ணெண்ணெயில் ஓடித் தண்ணீர் இறைப்பது, சிவப்பு வர்ணம் பூசியது.

"எண்ணெய் முடியிறதைப் பாத்தனான் எண்டு எனக்குச் சொல்லிப்போட்டு, நீங்கள் எஞ்சின் வாங்கியிருக்கிறீங்களோ?" என்று கேட்டேன்.

"முடியுமட்டும் கிடக்குதுதானே," என்றார். வெட்கப்படவேயில்லை. "கிணத்துத் துலா மிதிக்க இந்தக் கால் விடாது. அதோட..." கயிற்றைச் சுற்றி ஓர் இழுப்பு இழுத்தார். எஞ்சின் இருமி, புகைவிட்டு, படபடவென்று பிடித்துக்கொண்டது. எண்ணெய் மணம் தோட்டம் முழுக்கப் பரவியது. அவர் கண்களை மூடி அந்த மணத்தை இழுத்ததைக் கண்டேன், நானும் இழுத்தேன்.

அந்த இரைச்சலில் கதைக்க முடியவில்லை. வரம்பில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து வாய்க்காலில் தண்ணீர் ஓடுவதைப் பார்த்துக்கொண்டிருந்தோம். பத்மாசனி அக்கா வாசலிலிருந்து எதையோ சத்தம்போட்டுச் சொன்னார். கேட்கவில்லை. கிண்ணங்கள் வைத்த தட்டோடு எங்களை நோக்கி நடந்து வந்தார். பனங்கிழங்கு மாவில் காய்ச்சிய ஒடியற் கூழ் என்று கிட்ட வந்த பிறகுதான் தெரிந்தது. நாங்கள் குடித்து முடிக்கும்வரை எஞ்சினை வல்லிபுரம் அண்ணை நிறுத்தவில்லை.